பழம்பாட்டுத் தேடிய குமாஸ்தா: பாவெல் ரிப்னிகோவ் வரலாறு

ஆண்டு விழா மலருக்குச் சான்றோர் ஒருவர் வரலாறு எழுதித் தருமாறு நம் சங்கச் செயலாளர் கேட்டபொழுது, யாரைப் பற்றி எழுதுவது என்று நாம் சில நாள் எண்ணமிட்டோம். புலவர்களையும் அரசியல் தலைவர்களையும் பற்றி எழுதக் கற்றறிந்த அன்பர்கள் நம் சங்கத்தில் பலர் உளர். நாமோ மெட்ரிகுலேஷன் வரை படித்து, புகைவண்டி அலுவலகத்தில் சரக்குக் கணக்கு எழுதிக் காலம் கழிப்பவர். ஆகவே நம் இனத்தவர் ஒருவரையே தேடினோம். பேனாவும் பேரேடுமாக மாகாண அலுவலகம் ஒன்றில் அமர்ந்திருந்து, அந்த நிலையிலேயே ஒரு நாட்டின் பழஞ்செல்வத்தை மீட்டுத் தந்த ருஷியர் ஒருவர் கிடைத்தார். அவர் பெயர் பாவெல் நிக்கொலாயெவிச் ரிப்னிகோவ். ருஷிய நாட்டார் வீரப்பாட்டுகளை ஆராய்வோர் எவரும் அவர் பெயரைச் சொல்லாமல் மேலே செல்ல இயலாது. ஊரை விட்டு நெடுந்தொலைவு வந்து வாழும் நம் போன்ற குடும்பத்தார்க்கு அவர் வரலாற்றில் ஒரு பாடமும் உண்டு. அதனை இறுதியிற் கூறுவோம்.

பிறப்பும் கல்வியும்

ரிப்னிகோவ் 1831ஆம் ஆண்டில் மாஸ்கோ நகரில் வணிகர் குடும்பம் ஒன்றிற் பிறந்தார். பதினேழாம் நூற்றாண்டில் ருஷியத் திருச்சபையில் வழிபாட்டு முறைகள் திருத்தப்பட்டபொழுது, அத்திருத்தங்களை ஏற்காமல் முன்னோர் வழியையே பற்றி நின்றவர்கள் பழநெறியாளர் எனப்பட்டனர். அரசினர் அவர்களைப் பலவாறு ஒடுக்கினர். பழைய ஏடுகளையும் பழைய பண்களையும் உயிரெனப் போற்றியவர்கள் அவர்கள். ரிப்னிகோவின் குடும்பம் அந்த வழியினது. பழமையின்மேல் அவர் கொண்ட பற்றுக்கு வித்து வீட்டிலேயே இருந்தது எனலாம்.

மாஸ்கோப் பல்கலைக்கழகத்தில் வரலாறும் மொழியியலும் பயின்று 1858இல் பட்டம் பெற்றார். மாணவப் பருவத்திலேயே கோமியகோவ் முதலிய அறிஞர்களின் பழக்கம் அவருக்கு வாய்த்தது. மேலை நாடுகளைப் பார்த்து நடை பழகுவது போதும், நம் மக்களின் வாழ்க்கையையும் வழக்கங்களையும் முதலில் அறிவோம் என்பது அக்கூட்டத்தார் கொள்கை. ஏட்டில் மக்களைப் பற்றிப் படித்ததோடு ரிப்னிகோவ் நிற்கவில்லை. பட்டம் பெற்றதும் உழவர் உடையணிந்து, செர்னிகோவ் மாகாணத்துக்குச் சென்று, ஊரூராகத் திரிந்து பாட்டுகளையும் வழக்கங்களையும் குறித்துக்கொள்ளத் தொடங்கினார்.

நாடுகடத்தல்

படித்த இளைஞன் ஒருவன் உழவனைப் போல் உடுத்து, பழநெறியாளர் வீடுகளுக்குச் சென்று பேசுகிறான் என்றால் போலீசார் சும்மா இருப்பரோ? பாட்டுக் கேட்க வந்தவன் என்று அவர்கள் நம்பவில்லை. கலகம் விளைக்க வந்தவன் என்றே ஐயுற்றனர். 1859இல் அவரைப் பிடித்து, வடகோடியிலுள்ள ஒலோனெத்ஸ் மாகாணத்தின் தலைநகராகிய பெத்ரோசவோத்ஸ்குக்கு அனுப்பிவிட்டனர். பாட்டுத் தேடியதற்காகத் தண்டனை பெற்றவரை, பாட்டு மிகுதியாக விளைந்திருந்த இடத்திற்கே அரசாங்கம் தன் செலவில் அனுப்பிவைத்தது. அப்பொழுது இதனை அனுப்பியவரும் அறியார், சென்றவரும் அறியார்.

பெத்ரோசவோத்ஸ்க் என்பது ஒனேகா ஏரியின் மேலைக்கரையில் உள்ள ஊர். பேரரசர் பீட்டர் 1703இல் அங்கே பீரங்கி வார்க்கும் தொழிற்சாலை அமைத்தார். பீட்டரின் ஆலை என்பதே அவ்வூர்ப் பெயரின் பொருள். ஒனேகா ஏரியோ ஐரோப்பாவில் இரண்டாவது பெரிய ஏரி, ஏறத்தாழ 9,700 சதுர கிலோமீட்டர் பரப்புடையது. சுற்றிலும் காடு, சதுப்பு, நெடிய பனிக்காலம். போலீசாரின் மேற்பார்வையில் வாழ வேண்டியவர் என்ற நிலையில், இருபத்தேழு வயது இளைஞராக ரிப்னிகோவ் அங்கே வந்து இறங்கினார்.

படித்தவர் அருகிய இடமாதலின், நாடுகடத்தப்பட்டவருக்கும் அலுவலகத்தில் வேலை கொடுத்தனர். ஆளுநர் அலுவலகத்தில் பணி கிடைத்தது. பின்னர் மாகாணப் புள்ளிவிவரக் குழுவின் செயலாளரானார். எத்தனை வீடு, எத்தனை படகு, எவ்வளவு விளைச்சல் என்று கணக்குத் திரட்டும் வேலை அது. இந்த வேலையை நாம் அறிவோம். மேலிடத்திலிருந்து அச்சிட்ட படிவம் வரும், அதில் எத்தனையோ கட்டங்கள் இருக்கும். ஆனால் அந்த ஊர் மக்கள் என்ன பாடுகிறார்கள் என்பதற்குக் கட்டம் எந்தப் படிவத்திலும் இராது. அந்த இல்லாத கட்டத்தைத்தான் ரிப்னிகோவ் தம் வாழ்நாள் வேலையாக நிரப்பினார்.

பிலீனா என்னும் வீரப்பாட்டுகள்

அவர் தேடிய பாட்டுகள் எத்தகையவை என்பதைச் சிறிது அறிந்துகொள்வது நலம். ருஷிய நாட்டின் பழைய வீரர்களைப் பற்றிய நெடும்பாட்டுகளைக் கற்றோர் பிலீனா என்பர். பாடும் உழவர்களுக்கு அச்சொல் தெரியாது. அவர்கள் ஸ்தாரினா என்பார்கள். பழமையானது என்பது அதன் பொருள்.

பெரும்பாலான பாட்டுகளில் கீவ் நகரமும் அதன் வேந்தன் விளாதிமிரும் வருவர். வேந்தனின் விருந்து மண்டபத்தில் வீரர்கள் கூடுவர். அவர்களுள் தலையாயவன் இலியா முரோமெத்ஸ். உழவர் குடியிற் பிறந்து, கைகால் முடங்கி முப்பது ஆண்டு வீட்டில் உட்கார்ந்தபடியே இருந்தவன். வழிப்போக்கராக வந்த திருத்தல யாத்திரிகர்கள் அவனை எழுப்பிப் பருகக் கொடுக்க, பேராற்றல் பெற்று எழுந்தான். சீழ்க்கையொலியாலேயே மனிதரைக் கொல்லும் கொள்ளையன் ஒருவனைக் கட்டிக் கீவ் நகருக்குக் கொண்டுவந்தான். மற்றொருவன் சத்கோ. நோவ்கொரோத் நகரத்து ஏழை யாழிசைஞன். ஏரிக்கரையில் அமர்ந்து அவன் வாசித்த இசைக்கு நீரரசன் மயங்கிச் செல்வம் அளித்தான். அவன் பெருவணிகனாகிக் கடலோடியதும், கடலடிக்குச் சென்று மீண்டதும் அப்பாட்டின் கதை.

நம் மனத்தை மிகவும் கவர்ந்தது மிக்குலா என்னும் உழவன் கதை. வோல்கா என்ற இளவரசன் தன் படையோடு வரி தண்டச் செல்கிறான். தொலைவில் யாரோ உழும் ஓசை கேட்கிறது. குதிரையிற் சென்றும் மூன்றாம் நாளில்தான் அந்த உழவனை எட்ட முடிகிறது. உழவனைத் தன்னோடு வருமாறு அழைக்கிறான். உழவனும் இசைந்து புறப்படுகிறான். சிறிது தொலைவு சென்றபின், சாலிலே நிற்கும் ஏரைப் பிடுங்கிப் புதருக்குப் பின்னால் போட்டுவரவில்லையே என்று அவனுக்கு நினைவு வருகிறது. இளவரசன் ஐந்து வீரரை அனுப்புகிறான், பின் பத்துப் பேரை அனுப்புகிறான், பிறகு படை முழுவதும் செல்கிறது. ஏர் அசையவில்லை. மிக்குலா வந்து ஒரு கையாலே அதனைத் தூக்கி எறிகிறான். உழவனைவிட உயர்ந்த வீரன் இல்லை என்பதை அம்மக்கள் இவ்வளவு எளிதாகச் சொல்லிவிட்டார்கள்.

இத்தகைய பாட்டுகள் முன்பே அச்சில் வந்திருந்தன. கிர்ஷா தனீலோவ் என்பவர் பெயரால் வழங்கும் தொகுப்பு 1804இல் முதலில் வெளிவந்தது. ஆயினும், பாடும் வழக்கம் பெரும்பாலும் மறைந்தது, இங்குமங்கும் சிதறல்களே எஞ்சின என்றே தலைநகரத்து அறிஞர் எண்ணியிருந்தனர்.

ஏரிக்கரை இரவு

பெத்ரோசவோத்ஸ்க் வந்ததிலிருந்தே ரிப்னிகோவ் விசாரித்துக்கொண்டிருந்தார். ஏரிக்கு அப்பாலுள்ள ஊர்களில் பழம்பாட்டு அறிந்தவர் உளர் என்றும், புட்டி என்னும் பட்டப்பெயருடைய தையற்காரர் ஒருவர் நிரம்பப் பாடுவார் என்றும் செய்திகள் காதில் விழுந்தன. ஆனால் அரசு அதிகாரி ஒருவர் வந்து, பாட்டுத் தெரியுமா என்று கேட்டால் எந்த உழவன் வாய் திறப்பான்? வரி கேட்க வந்தாரோ, சமய வழக்கங்களை வேவு பார்க்க வந்தாரோ என்று அஞ்சி, தெரியாது என்று சொல்லி ஒதுங்கினர். ஓராண்டு இவ்வாறே கழிந்தது.

1860ஆம் ஆண்டு மே மாதம். அலுவலகப் பணியின்பொருட்டு ரிப்னிகோவ் உழவர் படகொன்றில் ஏரியைக் கடந்து கீழைக்கரைக்குப் புறப்பட்டார். எதிர்க்காற்று வீசியது. படகைச் செலுத்த முடியாமல் நகரத்திற்குச் சற்றுத் தொலைவிலுள்ள ஷூய் நவலோக் என்னும் தீவில் ஒதுங்க நேர்ந்தது. ஒதுங்கியவர்கள் தங்க அங்கே ஒரே ஒரு குடிசை. அதுவோ ஆட்களாலும் புகையாலும் அழுக்காலும் நிரம்பியிருந்தது. உள்ளே செல்ல மனமின்றி, குளிரையும் பாராமல் வெளியே மூட்டியிருந்த சிறு நெருப்பருகே மூட்டை ஒன்றின்மேல் சாய்ந்தார். தேநீர் காய்ச்சிப் பருகி, கொண்டுவந்த உணவை உண்டு, அனலின் வெம்மையில் தம்மை அறியாமலே உறங்கிப்போனார்.

உறக்கத்தினூடே ஏதோ ஓர் ஓசை அவரை எழுப்பிற்று. அதற்கு முன் எத்தனையோ பாட்டுகளையும் பக்திப் பாடல்களையும் கேட்டவர் அவர். இப்படியொரு பண்ணைக் கேட்டதில்லை. ஒரு சமயம் துள்ளி ஓடியது, ஒரு சமயம் சட்டென்று நின்றது, மறக்கப்பட்ட மிகப் பழங்காலம் ஒன்றின் சாயல் அதில் இருந்தது. விழித்தால் அந்த இன்பம் கலைந்துவிடுமோ என்று, சொற்களைக்கூடக் கவனியாமல் அரைத்துயிலில் நெடுநேரம் கேட்டுக்கொண்டே கிடந்தார். கண்ணைத் திறந்து பார்த்தபொழுது மூன்றடி தொலைவில் உழவர் சிலர் அமர்ந்திருந்தனர். நடுவிலே வெண்தாடியும் துருதுருத்த கண்களும் கனிந்த முகமும் உடைய கிழவர் ஒருவர் குந்தியிருந்து, இப்பக்கம் ஒருவரையும் அப்பக்கம் ஒருவரையும் மாறிமாறிப் பார்த்து, இடையிடையே புன்னகை செய்து பாடிக்கொண்டிருந்தார். ஒரு பாட்டு முடிந்தது. அடுத்ததைத் தொடங்கினார். அது நோவ்கொரோத் வணிகன் சத்கோவின் பாட்டு!

ரிப்னிகோவ் துள்ளி எழுந்தார். அந்தப் பாட்டை மறுபடி சொல்லும்படி கிழவரை வேண்டி, அந்த நெருப்பொளியிலேயே எழுதிக்கொண்டார். லியோன்தி பொக்தானோவ் என்னும் அக்கிழவர் கிஷி வட்டாரத்தைச் சார்ந்த செரெத்கா என்ற சிற்றூரினர். பல பாட்டுகளின் பெயர்களை அவர் அடுக்கினார். ஆனால் பலவற்றை முழுமையாக அறியார். முழுமையாக அறிந்தவர் தம் ஊரிலேயே இருக்கிறார் என்ற செய்தி அவர் வழியாகவே கிடைத்தது. எதிர்க்காற்று வீசாதிருந்தால், அல்லது ரிப்னிகோவ் குடிசைக்குள் சென்று படுத்திருந்தால், இந்த வரலாறு வேறாகியிருக்கும்.

திரோஃபிம் ரியாபினின்

செரெத்காவில் ரிப்னிகோவ் கண்டவர் திரோஃபிம் ரியாபினின். உறுதியான உடல், சிறிய நரைத்தாடி, நடையிலும் வணக்கத்திலும் ஒரு பெருமிதம். எழுத்தறியாதவர். மீன்பிடித்தலும் பயிர்த்தொழிலுமே அவர் பிழைப்பு. இளமையிலேயே பெற்றோரை இழந்து, பிறர் வீடுகளில் வலைகளைப் பழுதுபார்த்துக் கொடுத்து வளர்ந்தவர். அவ்வாறு வலை பின்னும்பொழுது, அவ்வட்டாரத்தில் பெயர்பெற்ற பாடகரான இலியா எலுஸ்தாஃபியெவ் என்னும் முதியவரிடம் பாட்டுகளைக் கேட்டுக் கேட்டே மனப்பாடம் செய்தார். கை வலையில் இருக்கும், காது பாட்டில் இருக்கும். இதுவே அவர் பயின்ற கல்லூரி.

ரியாபினின் உடனே பாடிவிடவில்லை. அது விரத காலம். விரத நாளில் உலகியற் பாட்டுகள் பாடுவது முறையாகுமா என்று தயங்கினார். இவை பழைய வேந்தரையும் அறவீரரையும் பற்றியன ஆதலின் பாவமில்லை என்று ரிப்னிகோவ் எடுத்துரைத்தபின் இசைந்தார். பாடத் தொடங்கியதும், நூற்றாண்டுகள் கடந்த கீவ் நகரம் அந்த மரவீட்டினுள் எழுந்து நின்றது. ரிப்னிகோவ் கேட்டவற்றுள் ஒவ்வொரு சொல்லையும் நிறுத்து அளந்து வைப்பதில் ரியாபினினுக்கு ஈடு வேறெவரும் இலர். மேலே நாம் கூறிய மிக்குலாவின் ஏர்ப்பாட்டு இவர் வாயிலாகவே உலகிற்குக் கிடைத்தது.

பின்னர் 1871இல் ரியாபினினைத் தலைநகராகிய பீட்டர்ஸ்பர்க்குக்கு அழைத்துப் புவியியற் கழகத்தார் முன்னிலையில் பாடச் செய்தனர். கேட்டவர்களுள் இசைப்பேரறிஞர் மூஸோர்க்ஸ்கியும் ஒருவர். அவர் அந்தப் பண்ணைக் குறித்துக்கொண்டு, போரிஸ் கொதுனோவ் என்னும் தம் இசைநாடகத்தில் கையாண்டார். மீன்படகில் பிறந்த மெட்டு அரசவை நாடகசாலையில் ஒலித்தது.

தேடிய முறை

ஒருவர் நம்பிக்கையைப் பெற்றதும் மற்றவர் கதவுகள் திறந்தன. கணக்குத் திரட்டச் செல்லும் வழியெல்லாம் ரிப்னிகோவ் பாட்டும் திரட்டினார். சாலைகள் இல்லாத நாடு அது. படகிலும், குதிரைமேலும், சேற்றுக்காட்டில் கால்நடையாகவும் சென்றார். கண்ணிழந்த முதியவர் குஸ்மா ரொமானோவ், செருப்புத் தைத்து வாழ்ந்த வாசிலி ஷெகோலியோனோக், புட்டி என்ற பட்டப்பெயருடைய அந்தத் தையற்காரர் எனப் பாடகர் பலர் அறிமுகமாயினர். தையல், செருப்பு, வலை ஆகிய தொழில்களைச் செய்வோரே மிகுதியாகப் பாடினர் என்பது கருதத்தக்கது. கைக்கு ஓயாத வேலை, இருக்கையோ ஓரிடம். நீண்ட பனிக்கால மாலையில் அத்தொழிலாளருக்குப் பாட்டே துணை. பெண்களுக்கென்றே தனியான பழம்பாட்டுகள் இருந்தன என்பதையும், ஆண்கள் அவற்றைப் பாட விரும்புவதில்லை என்பதையும் ரிப்னிகோவ் கண்டு எழுதிவைத்தார்.

இங்கு இடையில் ஒன்று கூறுவோம். செருப்புத் தைத்த ஷெகோலியோனோக் 1879இல் டால்ஸ்டாயின் இல்லத்தில் தங்கிக் கதைகள் கூறினார். அவற்றைக் கேட்டு எழுதிக்கொண்ட டால்ஸ்டாய், அவற்றுள் ஒன்றைக் கொண்டே மனிதர் எதனால் வாழ்கின்றனர் என்னும் புகழ்பெற்ற கதையை 1881இல் வெளியிட்டார். நம் வீடுகளிலும் பலர் படித்திருக்கும் அக்கதையின் வேர் ஒனேகா ஏரிக்கரை உழவரின் நினைவில் இருந்தது.

நூலும் ஐயமும்

ரிப்னிகோவ் திரட்டிய பாடல்களின் முதற்றொகுதி 1861இல் மாஸ்கோவில் வெளிவந்தது. ருஷிய நாட்டில் பண்ணையடிமை முறை ஒழிக்கப்பட்டதும் அவ்வாண்டிலேயே. 1862இல் இரண்டாவது, 1864இல் மூன்றாவது, 1867இல் நான்காவது என மொத்தம் நான்கு தொகுதிகள். இருநூறுக்கும் மேற்பட்ட பாட்டுகள் அவற்றில் அடங்கின.

அறிஞர் உலகம் மகிழ்ந்தது, ஆனால் திகைக்கவும் செய்தது. தலைநகரிலிருந்து சில நாள் பயணத்தில் உள்ள இடத்தில், இறந்துபோனதாகக் கருதிய பாட்டுகள் நூற்றுக்கணக்கில் உயிரோடு உள்ளனவா? யாரோ ஒரு மாகாண அலுவலகத்துக் குமாஸ்தா இவற்றைக் கண்டாராம்! இவரே புனைந்திருப்பாரோ என்று சிலர் ஐயுற்றனர். முறையாகப் பட்டம் பெற்றவர்க்கே இந்நிலை என்றால் நம்போன்றோர் நிலையைக் கேட்க வேண்டுவதில்லை.

ரிப்னிகோவ் சினந்து மறுப்புரை எழுதவில்லை. மூன்றாம் தொகுதியில், தீவில் ஒதுங்கிய அந்த இரவு முதலாக எங்கே, எப்படி, எவரிடம் கேட்டார் என்பதை விளக்கமாக எழுதினார். பாடகர் பெயர், ஊர், தொழில், தோற்றம் எல்லாம் அதில் இருந்தன. ஐயமுடையோர் நேரிற் சென்று கேட்டுக்கொள்ளலாம் என்பதே அதன் உட்பொருள். கணக்கெழுதுவோர் சான்றுச்சீட்டு இணைப்பதுபோல, ஒவ்வொரு பாட்டுக்கும் ஆளைச் சான்று காட்டினார்.

அவ்வாறே ஒருவர் சென்றார். அலெக்ஸாந்தர் கில்ஃபெர்திங் என்னும் பேரறிஞர் 1871ஆம் ஆண்டுக் கோடையில் ஒனேகாப் பகுதியைச் சுற்றி, எழுபது பாடகரைக் கேட்டு, 318 பாட்டுகளை எழுதிக்கொண்டு திரும்பினார். ஐயம் அகன்றது. ரிப்னிகோவின் முறையில் இருந்த ஒரு குறையையும் அவர் நீக்கினார். பாடகர் நிறுத்தி நிறுத்திச் சொல்லச் சொல்ல எழுதும்பொழுது யாப்பு சிதைகிறது. பாடும்பொழுதே எழுதினால் அடிகள் அளவு கெடாமல் நிற்கின்றன என்பதை அவர் கண்டார். 1872இல் மறுபடி பாட்டுத் தேடிப் புறப்பட்ட கில்ஃபெர்திங் கார்கோபோல் என்னும் ஊரில் நச்சுக் காய்ச்சலுற்று உயிர் நீத்தார். அவர் திரட்டியவை 1873இல் நூலாயின. ரிப்னிகோவ் வெட்டிய பாதையில் நடந்தே அவர் அவ்வளவு தொலைவு சென்றார் என்பதை அறிஞர் அனைவரும் ஒப்புவர்.

வடக்கிலே வாழ்ந்தது ஏன்?

இங்கே சிந்திக்க வேண்டியது ஒன்று உண்டு. பாட்டுகளோ கீவ் நகரத்தைப் பற்றியவை. கீவ் இன்று உக்ரைன் நாட்டின் தலைநகர். ஒனேகா ஏரிக்கும் அதற்கும் இடையே ஆயிரத்து இருநூறு கிலோமீட்டருக்கு மேற்பட்ட தொலைவு உண்டு. அப்படியிருக்க, கீவ் பகுதியில் மறைந்துபோன பாட்டுகள் வடகோடிக் காட்டில் வாழ்ந்தது எவ்வாறு?

அங்கே குடியேறியவர்கள் பெரும்பாலும் நோவ்கொரோத் பகுதியிலிருந்து நூற்றாண்டுகளுக்கு முன் வந்தவர்களின் வழியினர். வரும்பொழுது கோடரியும் வலையும் போலப் பாட்டையும் கொண்டுவந்தனர். பண்ணையடிமை முறை அவர்களை நசுக்கவில்லை. சாலையின்மையால் புதிய நாகரிகம் விரைவில் எட்டவில்லை. மீன்பிடிக்கவும் மரம் வெட்டவும் கூட்டமாகச் சென்று தங்கும் இரவுகளில், நன்றாகப் பாடுபவனுக்குத் தனி மதிப்பு இருந்தது. பரந்த புல்வெளியைக் கண்ணாற் கண்டிராத மக்கள் பரந்த வெளியைப் பாடினர். தம் காட்டிலே வளராத மரத்தின் பெயரையும், பொருள் தெரியாத பழஞ்சொல்லையும் மாற்றாமல் காத்தனர். முன்னோர் அப்படித்தான் பாடினர் என்பதே அவர்கள் கூறும் காரணம். தாயகத்தில் இருந்தவர் மறந்ததை, தொலைவில் வந்தவர் மறவாமல் வைத்திருந்தனர்.

பிற்கால வாழ்வும் மறைவும்

ரிப்னிகோவுக்கு 1866இல் விடுதலையும் உயர்வும் ஒருங்கே வந்தன. அப்பொழுது ருஷிய ஆட்சியிலிருந்த போலந்து நாட்டுப் பகுதியில் கலீஷ் மாகாணத்துத் துணை ஆளுநராக அவரை அமர்த்தினர். பதவி பெரிது, ஆனால் ஏரியும் பாடகரும் அங்கில்லை. பாட்டுத் தேடும் வேலை அத்துடன் நின்றது. எஞ்சிய ஆண்டுகளை அங்கேயே அலுவலில் கழித்து, 1885ஆம் ஆண்டில் கலீஷ் நகரில் காலமானார். அவருக்குப் பாட்டளித்த திரோஃபிம் ரியாபினின் மறைந்ததும் அதே 1885இல்தான். கேட்டவரும் பாடியவரும் ஓராண்டில் சென்றனர்.

ரிப்னிகோவின் தொகுப்பு 1909-1910இல் மறுபதிப்பாயிற்று. ஏரிக்கரைப் பாட்டோ தந்தையோடு முடியவில்லை. ரியாபினினின் மகன் இவான் தந்தையிடம் கற்ற பாட்டுகளை மாஸ்கோவிலும் பீட்டர்ஸ்பர்க்கிலும் பாடினார். 1894இல் அவர் குரல் ஒலிப்பதிவுக் கருவியில் பதிவு செய்யப்பட்டது. 1902இல் அவர் தெற்கே நெடும்பயணம் சென்று, பல நாடுகளிற் பாடினார். அப்பயணத்தில் அவர் பாடிய நகரங்களுள் கீவ் ஒன்று. எந்த நகரத்தை முன்னோர் பாடினரோ, எந்த நகரம் அப்பாட்டுகளை மறந்ததோ, அந்த நகரத்திற்கே வடக்கத்து உழவர் ஒருவர் அவற்றைத் திரும்பக் கொண்டுவந்து பாடிக் காட்டினார். ரிப்னிகோவ் இதனைக் காண உயிரோடு இல்லை. அவர் அந்த இரவில் எழுந்து பேனாவை எடுத்ததன் பயன் இது.

முடிவுரை

அன்பர்காள்! இவ்வரலாற்றை நாம் தேர்ந்ததற்குக் காரணம் ஒன்றுண்டு. எம் அன்னையார் தம் இறுதிக் காலத்தில் மூன்று ஆண்டு இக்காலனியில் எம்முடன் வாழ்ந்தார். நடவுப் பாட்டும், தாலாட்டும், நல்லதங்காள் கதையும் நன்கு அறிந்தவர். பேத்தியைத் தொட்டிலில் இட்டு அவர் பாடுவதைக் கேட்டு, இவற்றை எழுதிக்கொள்ள வேண்டும் என்று எண்ணி நோட்டுப் புத்தகம் ஒன்றும் வாங்கினோம். ஆண்டு இறுதிக் கணக்கு முடியட்டும் என்று ஒத்திவைத்தோம். கணக்கு முடிந்ததும் தணிக்கை வந்தது. தணிக்கை முடிந்த மாதத்தில் அன்னையார் காலமானார். அந்த நோட்டின் முதற்பக்கத்தில் தாலாட்டின் இரண்டு அடிகள் மட்டும் உள. மூன்றாம் அடி எமக்கு ஒருவிதமாகவும் எம் மனைவிக்கு வேறுவிதமாகவும் நினைவிருக்கிறது. யார் சொல்வது சரி என்று கேட்க இனி ஆள் இல்லை.

ஆபீஸ் பேரேட்டில் ஒரு ரூபாய் குறைந்தால் இரவெல்லாம் விழித்துத் தேடினோம். இதைத் தேட நமக்குத் தோன்றவில்லை.

ஆகவே சங்கத்தார்க்கு நம் வேண்டுகோள் இது. சங்க நூலகத்தில் கெட்டி அட்டையிட்ட பேரேடு ஒன்றை வைப்போம். அதற்கு வேண்டிய செலவை நாமே ஏற்போம். நம் வீடுகளிற் பாட்டியரும் தாயரும் உள்ள குடும்பத்தார், அவர்கள் பாடுவதை அவர்கள் பாடுகிறபடியே எழுதுக. பொருள் விளங்காத சொல்லையும் திருத்தாமல் எழுதுக. குரலைப் பதிவு செய்யும் வசதி இன்று ஒவ்வொரு கையிலும் உள்ளது. அதையும் செய்க. முக்கியமாக, பாடியவர் பெயரையும், அவர் பிறந்த ஊரையும், யாரிடம் கற்றார் என்பதையும் மறவாமல் குறிக்க. ரிப்னிகோவிடம் நாம் கற்ற பாடம் இதுவே. மாலை வேளையில் நம் குடியிருப்புகளில் எங்கேனும் ஒரு முதியவர் பாடும் ஓசை கேட்டால், வேலையை நாளைக்கு வைத்துவிட்டு, எழுந்து சென்று அருகில் அமர்வோமாக.